‘டிஸ்க் பூட்டப்பட்டுள்ளது’ என்ற பிழை: பகிர்வு ஸ்டோரேஜில் பூட்டுக்கு உரியவரைக் கண்டறிந்து விடுவிக்கும் முறை

திருப்பூர்ப் பனியன் கம்பெனிகளிலும், கோவையின் பம்ப் மற்றும் வார்ப்படத் தொழிற்சாலைகளிலும், கரூரின் வீட்டுத்துணி ஏற்றுமதி நிறுவனங்களிலும் கணினி அறைக்குள் நுழைந்தால் பெரும்பாலும் ஒரே அமைப்பைத்தான் காணலாம்: இரண்டு அல்லது மூன்று சர்வர்கள், அவற்றுக்குப் பொதுவாக ஒரு ஸ்டோரேஜ், அதன் மேல் கணக்கு, ஈஆர்பி, வருகைப்பதிவு ஆகியவற்றுக்கான மெய்நிகர் கணினிகள் (சர்வருக்குள் மென்பொருளால் உருவாக்கப்படும் கணினிகள்). இந்த அமைப்பில் ஒரு மெய்நிகர் கணினியை இயக்க முற்படும்போது, கோப்பு பூட்டப்பட்டிருப்பதால் அதைத் திறக்க இயலவில்லை என்ற பொருளில் ஒரு பிழைச்செய்தி வந்து வேலை நின்றுவிடுவது உண்டு. மாதாந்திரப் பராமரிப்புக்காகக் காலை 9 மணிக்கு நிறுத்தப்பட்ட மின்சாரம் மாலையில் திரும்பிய பிறகோ, இரவில் ஓடிய பேக்கப் பாதியில் நின்றுபோன மறுநாள் காலையிலோ இது தலைகாட்டும். அனுப்ப வேண்டிய சரக்குக்குப் பில் போட முடியாமல் ஆட்கள் காத்திருக்கும் அந்த வேளையில், பூட்டை எப்படியாவது உடைத்துவிட வேண்டும் என்ற அவசரம் எழுவது இயல்பே. ஆனால் பூட்டு யாருடையது என்று கண்டறிந்து, அதைப் பிடித்திருக்கும் ஹோஸ்ட் (மெய்நிகர் கணினிகளை இயக்கும் சர்வர்) இனி எழுதாது என்று உறுதிசெய்த பிறகு விடுவிப்பதே முறை; அதற்கான வழிகளே கீழே உள்ளவை.

மெய்நிகர் கணினிக்குள் இருக்கும் என்டிஎஃப்எஸ், இஎக்ஸ்டி4 போன்ற கோப்பு முறைமைகள், தம்மைத் தவிர வேறெவரும் அந்த டிஸ்கில் எழுதுவதில்லை என்ற நம்பிக்கையில் கட்டப்பட்டவை. எந்தப் பகுதி காலியாக உள்ளது, எந்தக் கோப்பு எங்கே முடிகிறது என்பதையெல்லாம் நினைவகத்தில் வைத்துக்கொண்டு, அதையே உண்மையென்று கொண்டு எழுதிச் செல்லும். ஒரே டிஸ்கை இரண்டு ஹோஸ்டுகள் இவ்வாறு இயக்கினால் ஒன்று எழுதியதன் மேல் மற்றொன்று எழுதும்; சேதம் உடனே தெரியாமல், சில நாட்கள் கழித்து டேட்டாபேஸ் திறக்க மறுக்கும்போதுதான் வெளிப்படும் என்பது இதில் உள்ள பெரிய ஆபத்து. கூட்டுக்கிணற்றில் இன்று யாருடைய முறை என்பதைப் பங்காளிகள் பேசி வைத்துக்கொள்வதைப் போல, எழுதும் முறை யாருக்கு உரியது என்பதை எல்லா ஹோஸ்டுகளும் படிக்கக்கூடிய இடத்தில் குறித்து வைப்பதே பூட்டு. ஆகவே பிழைச்செய்தி வந்தது என்றால் பாதுகாப்பு வேலை செய்திருக்கிறது என்றே முதலில் கொள்ள வேண்டும்.

எந்த அடுக்கில் உள்ள பூட்டு?

பூட்டு என்ற ஒரே சொல் மூன்று வேறு அடுக்குகளைக் குறிக்கக்கூடும். மேலாண்மை மென்பொருள் தன் பணிகள் ஒன்றோடொன்று மோதாமல் இருக்க வைத்துக்கொள்ளும் குறிப்பு முதலாவது. டிஸ்க் கோப்பின் மீது கோப்பு முறைமை வைக்கும் பூட்டு இரண்டாவது. ஸ்டோரேஜ் ஒரு தனி டிஸ்காக வெளியிடும் பகுதியான லன் முழுவதன் மீதும், டிஸ்குகளோடு பேசும் ஸ்கஸி நெறிமுறை வழியாக ஒரு ஹோஸ்ட் செய்யும் முன்பதிவு மூன்றாவது. முதலாவதை நீக்கினால் பெரும்பாலும் தரவுக்கு ஆபத்தில்லை. மூன்றாவதைத் தவறாக நீக்கினால் அந்த லன்னில் உள்ள எல்லா மெய்நிகர் கணினிகளும் பாதிக்கப்படலாம். எனவே பிழைச்செய்தியை முழுவதுமாகப் படித்து, அது ஒரு கோப்பின் பெயரைச் சொல்கிறதா, பணியின் பெயரைச் சொல்கிறதா, சாதனத்தின் எண்ணைச் சொல்கிறதா என்று பார்ப்பதே முதல் வேலை.

மெய்நிகர் கணினிகளை நிர்வகிக்கும் மென்பொருளான ப்ராக்ஸ்மாக்ஸில் ‘பேக்கப்’ என்ற காரணத்தோடு மெய்நிகர் கணினி பூட்டப்பட்டுள்ளது என்று வருவது முதல் அடுக்கைச் சேர்ந்தது. பேக்கப் பணி உண்மையிலேயே நின்றுவிட்டதா என்பதைப் பணிப்பட்டியலிலும், ஹோஸ்டில் ஓடும் செயல்முறைகளிலும் பார்த்த பிறகு, கியூஎம் அன்லாக் கட்டளையோடு அந்தக் கணினியின் எண்ணைக் கொடுத்தால் போதும்; அது அமைவுக் கோப்பில் உள்ள பூட்டு வரியை மட்டுமே நீக்குகிறது. இதே போலத் தோன்றி வேறாக இருப்பது குவோரம் (செயல்படத் தேவையான பெரும்பான்மை வாக்கு) இழப்பு. இரண்டே சர்வர்கள் கொண்ட கிளஸ்டரில் (ஒன்றாக இயங்கும் சர்வர் கூட்டத்தில்) ஒன்று அணைந்தால் மீதமுள்ளதற்குப் பெரும்பான்மை இல்லாமல் போய், அமைவுக் கோப்புகள் உள்ள அடைவு எழுத முடியாததாக மாறிவிடும். அப்போது எதைச் செய்ய முயன்றாலும் அனுமதிப் பிழையோ காத்திருப்புப் பிழையோ வரும். எதிர்பார்க்கும் வாக்கு எண்ணிக்கையை ஒன்றாகக் குறைத்து இதைக் கடக்கலாம் என்றாலும், மற்ற சர்வர் உண்மையாகவே அணைந்திருக்கிறது என்று கண்ணால் பார்த்த பிறகே அதைச் செய்ய வேண்டும். சிறிய அலுவலகங்களில் ஒரு பழைய கணினியை மூன்றாவது வாக்குக்காக கியூ-டிவைஸாக வைத்துவிடுவது இந்தத் தொல்லையை நிரந்தரமாகத் தீர்க்கும்.

விஎம்வேர்: பூட்டின் உரிமையாளரைப் படிப்பது

விஎம்வேரின் ஈஎஸ்எக்ஸ்ஐ மென்பொருளில் இயங்கும் ஹோஸ்டுகள் பகிர்ந்துகொள்ளும், விஎம்எஃப்எஸ் கோப்பு முறைமையில் அமைந்த டேட்டாஸ்டோரில் (மெய்நிகர் டிஸ்குகள் வைக்கப்படும் இடத்தில்), ஒவ்வொரு கோப்புக்கும் உரிய பூட்டு அந்த டிஸ்கிலேயே பதிவாகிறது. ஒவ்வொரு ஹோஸ்டும் சில விநாடிகளுக்கு ஒருமுறை அதே டேட்டாஸ்டோரின் தனிப்பகுதியில் தன் துடிப்பைப் புதுப்பிக்கும். துடிப்பு நின்றுபோன ஹோஸ்டின் பூட்டை மற்ற ஹோஸ்டுகள் தாமாகவே எடுத்துக்கொள்ளும் என்பதால், விஎம்எஃப்எஸ்ஸில் ஒரு பூட்டு பிடிவாதமாக நிலைத்து நிற்கிறது என்றால், அதைப் பிடித்திருப்பவர் உயிருடன் இருந்து துடிப்பைப் புதுப்பித்துக்கொண்டிருக்கிறார் என்பதே பெரும்பாலும் பொருள். உடைப்பதைப் பற்றி எண்ணும் முன் தேடிப் பார்க்கச் சொல்வதற்கு இதுவே காரணம்.

முதலில் எந்தக் கோப்பு பூட்டப்பட்டுள்ளது என்பதைத் தெளிவாக்கிக்கொள்ள வேண்டும். திரையில் தெரியும் செய்தி அடிப்படை டிஸ்கின் பெயரைச் சொன்னாலும், உண்மையில் தடையாக இருப்பது ஸ்னாப்ஷாட் (டிஸ்கின் ஒரு கணத்து நிலையைப் பதிந்து வைப்பது) சங்கிலியில், அதன் பிறகான மாற்றங்கள் சேரும் ஒரு டெல்டா கோப்பாகவோ, ஸ்வாப் கோப்பாகவோ, விஎம்எக்ஸ் அமைவுக் கோப்பாகவோ இருக்கலாம். அந்த மெய்நிகர் கணினியின் அடைவில் உள்ள விஎம்வேர் லாக் கோப்பின் கடைசிப் பக்கங்களில் சரியான பெயர் கிடைக்கும். லாக் நேரங்கள் யூடிசி கணக்கில் எழுதப்படுவதால் அவற்றோடு ஐந்தரை மணி நேரம் கூட்டிப் படிக்க வேண்டும். காலை 9 மணிக்கு நின்ற மின்சாரத்தின் தடயத்தை அங்கே 3.30 என்ற நேரத்தில்தான் தேட வேண்டும்.

பெயர் கிடைத்ததும், ஹோஸ்டின் ஷெல்லில் விஎம்கேஎஃப்எஸ்டூல்ஸ் கட்டளையைப் பெரிய எழுத்து டி என்ற விருப்பத்துடன் அந்தக் கோப்பின் மீது இயக்கவும். தரவு உள்ள ஃபிளாட் அல்லது டெல்டா கோப்பைக் கொடுக்க வேண்டும். சிறிய விவரணைக் கோப்பைக் கொடுத்தால் விடை பயன்படாது. விடையில் இரண்டு விவரங்கள் முக்கியமானவை. ஒன்று மோட் என்ற எண்: 0 என்றால் பூட்டு இல்லை, 1 என்றால் ஒருவருக்கே உரிய எழுதும் பூட்டு, 2 என்றால் படிக்க மட்டுமான பூட்டு, 3 என்றால் கிளஸ்டர் டிஸ்குகளுக்கான பலர் எழுதும் பூட்டு. இன்னொன்று ஓனர் என்ற நீண்ட அடையாள எண். அதன் கடைசி 12 பதினறும இலக்கங்கள் பூட்டைப் பிடித்திருக்கும் ஹோஸ்டின் நெட்வொர்க் கார்டுக்கு உரிய மேக் முகவரி. படிக்க மட்டுமான பூட்டாக இருந்தால் ஓனர் இடத்தில் வெறும் சுழியங்கள் இருக்கும். அதன் கீழே படிப்பவர்களின் பட்டியல் தனி வரிகளாக வரும். அண்மைப் பதிப்புகளில் விஎம்எஃப்எஸ்ஃபைல்லாக்இன்ஃபோ என்ற கருவி இதே வேலையை எளிதாகச் செய்து, மேக் முகவரியை நேரடியாகவே காட்டுகிறது.

மேக் முகவரியை வைத்து ஹோஸ்டைக் கண்டுபிடித்த பின், அந்த ஹோஸ்டிலேயே நுழைந்து, ஈஎஸ்எக்ஸ்சிஎல்ஐ வழியாக ஓடும் மெய்நிகர் கணினிகளின் பட்டியலை எடுத்துப் பார்க்கவும். மேலாண்மைத் திரையில் அணைந்ததாகக் காட்டப்படும் கணினி அங்கே ஓடிக்கொண்டிருந்தால் விடை கிடைத்துவிட்டது. முதலில் விருந்தினர் இயங்குதளத்தின் வழியாகவே அதை முறையாக அணைக்க முயல வேண்டும். அது இயலாதபோது, அதே கருவியில் உள்ள மென்மையான நிறுத்தம், கடினமான நிறுத்தம், வலிந்த நிறுத்தம் ஆகிய மூன்றையும் அதே வரிசையில், ஒவ்வொன்றுக்கும் இடையில் சற்றுக் காத்திருந்து பயன்படுத்தலாம்.

அந்த ஹோஸ்டில் அத்தகைய கணினி எதுவும் ஓடவில்லை என்றால், அடுத்ததாகப் பேக்கப்பைச் சந்தேகிக்க வேண்டும். என் மதிப்பீட்டில் ஸ்னாப்ஷாட் ஒருங்கிணைப்பு (டெல்டா கோப்பை மூல டிஸ்கோடு சேர்ப்பது) தோல்வியடையும் நிகழ்வுகளில் முதலில் பார்க்க வேண்டிய இடமே இதுதான். பேக்கப் மென்பொருள்கள் பல, தாம் இயங்கும் மெய்நிகர் கணினியோடு மற்றக் கணினியின் டிஸ்கைத் தற்காலிகமாக இணைத்து அதிலிருந்து படிக்கின்றன. பணி பாதியில் நின்றால் அந்த டிஸ்க் கழற்றப்படாமல் அங்கேயே தொங்கிக்கொண்டிருக்கும். பேக்கப் கணினியின் அமைப்புகளைத் திறந்து, அதற்குச் சொந்தமில்லாத அடைவைச் சுட்டும் டிஸ்க் ஏதேனும் இருக்கிறதா என்று பார்க்கவும். இருந்தால் அதைக் கழற்ற வேண்டும். கழற்றும்போது கோப்புகளை டேட்டாஸ்டோரிலிருந்து அழிக்கும் தேர்வைத் தொடவே கூடாது. அதைத் தேர்ந்தெடுத்தால் பூட்டோடு சேர்ந்து மூலத் தரவும் போய்விடும். கழற்றிய பின் ஸ்னாப்ஷாட் ஒருங்கிணைப்பை இயக்கினால் பெரும்பாலும் அது தடையின்றி முடியும்.

இவை இரண்டும் இல்லாமல், ஹோஸ்ட் மட்டும் பூட்டை விடாமல் பிடித்திருந்தால், அந்த ஹோஸ்டின் மேலாண்மைச் சேவைகளை மறுதொடக்கம் செய்து பார்க்கலாம். அதற்கும் அசையாவிட்டால், மற்ற மெய்நிகர் கணினிகளை வேறு ஹோஸ்டுக்கு நகர்த்தி, பராமரிப்பு நிலைக்குக் கொண்டுசென்று, ஹோஸ்டையே மறுதொடக்கம் செய்வதுதான் மீதமுள்ள வழி. இது நீண்ட வழியாகத் தோன்றினாலும், பூட்டுக் கோப்புகளைக் கையால் அழிப்பதைவிடப் பாதுகாப்பானது.

டேட்டாஸ்டோர், நெட்வொர்க்கில் கோப்புகளைப் பகிரும் என்எஃப்எஸ் நெறிமுறையின் 3ஆம் பதிப்பு வழியாக இணைக்கப்பட்டிருந்தால் பூட்டின் வடிவம் மாறும். டிஸ்க் கோப்பின் அருகிலேயே புள்ளியில் தொடங்கும் எல்சிகே என்ற மறைகோப்பை ஈஎஸ்எக்ஸ்ஐ உருவாக்குகிறது. அதைப் பதினறும வடிவில் படித்தால் பூட்டிய ஹோஸ்டின் பெயர் உள்ளே இருக்கும். என்எஃப்எஸ் 4.1 இந்த வழக்கத்தைப் பின்பற்றாமல், நெறிமுறைக்குள்ளேயே உள்ள பகிர்வு முன்பதிவைப் பயன்படுத்துகிறது. ஒன்றின் பூட்டு மற்றொன்றுக்குத் தெரியாது என்பதால், ஒரே பகிர்வை ஒரு ஹோஸ்டில் 3 ஆகவும் இன்னொரு ஹோஸ்டில் 4.1 ஆகவும் இணைத்தால் எந்தப் பிழைச்செய்தியும் இல்லாமலே தரவு சிதையும். புதிதாக ஒரு சர்வரைச் சேர்க்கும் நாளில் இதைக் கட்டாயம் சரிபார்க்க வேண்டும்.

கோப்புக்குப் பதிலாக லன்னே பதிலளிக்க மறுத்தால், விஎம்கெர்னல் லாகில் சாதன நிலை பதினறும எண் 18 என்று வருகிறதா என்று பாருங்கள். அது முன்பதிவு மோதலைக் குறிக்கும். ஏடிஎஸ் எனப்படும் ஒப்பிட்டு எழுதும் கட்டளையை ஆதரிக்கும் ஸ்டோரேஜ்களில் முழு லன்னையும் பிடித்து வைக்கும் தேவை இல்லாததால், இது குறைவாகவே நிகழ்கிறது. மைக்ரோசாஃப்ட் கிளஸ்டருக்காக நேரடியாக இணைக்கப்பட்ட லன்களில் இந்தச் செய்தி வருவது பிழையன்று. செயலில் உள்ள கணினி அந்த லன்னை நிரந்தரமாக முன்பதிவு செய்துவைத்திருக்கிறது. அத்தகைய லன்களை எப்போதும் முன்பதிவானவை என்று ஒவ்வொரு ஹோஸ்டிலும் குறித்துவைத்தால், ஹோஸ்ட் தொடங்க வெகுநேரம் எடுத்துக்கொள்ளும் தொல்லையும் நீங்கும். லன் மீட்டமைப்புக் கட்டளை அந்த லன்னைப் பயன்படுத்தும் எல்லா ஹோஸ்டுகளையும் பாதிக்கும் என்பதால், ஸ்டோரேஜ் நிறுவனத்தின் ஆதரவுப் பிரிவோடு பேசாமல் அதை இயக்க வேண்டாம்.

கேவிஎம்: பிழை வராமையும் பாதுகாப்பு அன்று

லினக்ஸின் கேவிஎம் வசதியைக் கொண்டு மெய்நிகர் கணினிகளை இயக்கும் கியூஎமு மென்பொருள், 2017இல் வெளிவந்த 2.10 பதிப்பிலிருந்து டிஸ்க் படிமங்களை (மெய்நிகர் டிஸ்க் கோப்புகளை) தானாகவே பூட்டுகிறது. எழுதும் பூட்டு கிடைக்கவில்லை, வேறொரு செயல்முறை இந்தப் படிமத்தைப் பயன்படுத்துகிறதா என்று அது கேட்டால், ஹோஸ்டில் எல்எஸ்லாக்ஸ், எல்எஸ்ஓஎஃப் ஆகிய கருவிகளால் யார் திறந்து வைத்திருக்கிறார்கள் என்று பார்க்கலாம். படிமத்தின் விவரத்தைப் படிக்க மட்டும் வேண்டுமானால், கியூஎமு-இமேஜ் கருவியில் பகிர்ந்து திறக்கும் விருப்பம் உள்ளது. பூட்டை முற்றிலும் அணைக்கும் அமைப்பும் உண்டு. ஆனால் அதை நிலையாக எழுதி வைப்பது, ஒருநாள் காரணம் மறந்துபோன பின் இரண்டு ஹோஸ்டுகளில் ஒரே கணினி ஓட வழிவிடும்.

படிமம் என்எஃப்எஸ் பகிர்வில் இருந்தால், அடுத்த ஹோஸ்டின் பூட்டு இந்த ஹோஸ்டின் பட்டியலில் தெரியாது. ஒவ்வொரு ஹோஸ்டிலும் தேட வேண்டும். இங்கே பதிப்பு வேறுபாடு மீண்டும் முக்கியமாகிறது. என்எஃப்எஸ் 4இல் பூட்டுக்குக் காலவரம்பு உண்டு. லினக்ஸ் சர்வரில் அது வழக்கமாக 90 விநாடிகள். ஹோஸ்ட் இறந்துபோய் அதைப் புதுப்பிக்காவிட்டால் பூட்டு காலாவதியாகிவிடும். என்எஃப்எஸ் 3இல் அத்தகைய வரம்பு இல்லை. இறந்த ஹோஸ்ட் திரும்ப எழுந்து, தான் மறுதொடக்கம் ஆனதை அறிவித்தால்தான் சர்வர் பழைய பூட்டைக் கைவிடும். கோடை இடியில் மதர்போர்டு கருகிய சர்வர் எழப்போவதே இல்லை என்பதால், அதன் பூட்டு அப்படியே தங்கிவிடும். அந்நிலையில் படிமத்தை வேறு பெயரில் நகலெடுத்து, நகலிலிருந்து கணினியை இயக்கலாம். பூட்டு பழைய கோப்பையே சார்ந்தது என்பதால் நகலுக்கு அது இராது. மூலப் படிமமும் தொடப்படாமல் இருக்கும் என்பது இந்த வழியின் கூடுதல் நன்மை. பூட்டுகளே கிடைக்கவில்லை என்ற வேறு வகைச் செய்தி வந்தால், என்எஃப்எஸ் 3 பூட்டுகளைக் கவனிக்கும் லாக்டி, ஸ்டாட்டி சேவைகள் ஓடுகின்றனவா, ஃபயர்வால் அவற்றைத் தடுக்கிறதா என்று பார்க்கவும்.

லினக்ஸில் டிஸ்கைப் பிரித்துக் கொடுக்கும் எல்விஎம்மின் பகுதிகளை, ஐஸ்கஸி (நெட்வொர்க் வழியே செல்லும் ஸ்கஸி) லன் வழியாகப் பகிரும் அமைப்பில் நிலைமை இன்னும் கவலைக்குரியது. பிளாக் சாதனத்தின் மீது கியூஎமு வைக்கும் பூட்டு அந்த ஹோஸ்டின் கெர்னலுக்குள் மட்டுமே செல்லும். பக்கத்து ஹோஸ்டுக்கு அது தெரியவே தெரியாது. இங்கே பிழை வரவில்லை என்பதால் பாதுகாப்பு இருக்கிறது என்று எண்ணிவிடக் கூடாது. மேலாண்மைக் கருவியான லிப்விர்ட்டோடு சான்லாக் என்ற பூட்டுச் சேவையையோ, எல்விஎம்முக்கான பூட்டுச் சேவையான எல்விஎம்லாக்டியையோ அமைத்திருந்தால்தான் ஹோஸ்டுகளுக்கிடையே பூட்டு உண்டு. சான்லாக் ஸ்டோரேஜிலேயே தன் குத்தகையை எழுதி, வழக்கமான அமைப்பில் 20 விநாடிக்கு ஒருமுறை புதுப்பிக்கும். 80 விநாடிகள் புதுப்பிக்க முடியாமல் போனால், அந்தக் குத்தகையை நம்பி ஓடும் செயல்முறைகளைக் கொல்லும். அவை சாகாவிட்டால் வாட்ச்டாக் (ஹோஸ்டைக் கண்காணித்து மறுதொடக்கம் செய்யும் கருவி) வழியாக ஹோஸ்டே மறுதொடக்கம் ஆகும். காரணமின்றி ஒரு ஹோஸ்ட் மறுதொடக்கம் ஆனதாகத் தோன்றினால், ஸ்டோரேஜ் ஸ்விட்ச் அந்த நேரத்தில் விழுந்ததா என்று பார்ப்பது நல்லது.

இறந்துவிட்டது என்று எப்போது சொல்லலாம்?

பிங் செய்தால் பதிலில்லை என்பது ஒரு ஹோஸ்ட் இறந்துவிட்டதற்குச் சான்றன்று. மேலாண்மை நெட்வொர்க் மட்டும் அறுந்து, ஸ்டோரேஜுக்குச் செல்லும் கேபிள் நலமாக இருந்தால், அந்த ஹோஸ்ட் எவருக்கும் தெரியாமல் எழுதிக்கொண்டே இருக்கும். ஐபிஎம்ஐ வகை தொலைக் கட்டுப்பாட்டுக் கார்டு இருந்தால் அதன் வழியாக மின்சாரத்தை நிறுத்தி, நிறுத்தப்பட்டதாக அது திரும்பச் சொல்வதைப் பார்க்கவும். அது இல்லாத பழைய சர்வர்களில் மின்கம்பியை உருவுவதே உறுதியான வழி. சர்வர் ஈரோட்டிலும் பார்ப்பவர் கோவையிலும் இருக்கும்போது, அங்குள்ள ஊழியர் ஒருவரிடம் எந்தச் சர்வரை அணைக்க வேண்டும் என்று தொலைபேசியில் விளக்க நேரிடும்; அதற்காகவே ஒவ்வொரு சர்வரின் முகப்பிலும் பெயரும் மேக் முகவரியும் எழுதிய ஒட்டுத்தாள் இருக்க வேண்டும். அணைக்க ஆளே கிடைக்காவிட்டால், ஸ்டோரேஜின் அனுமதிப் பட்டியலிலிருந்து அந்த ஹோஸ்டை நீக்கியோ, ஸ்விட்சில் அதன் போர்ட்டை மூடியோ எழுதும் வழியை அடைக்கலாம்.

பூட்டு விடுபட்ட பிறகும், இரண்டு ஹோஸ்டுகள் சிறிது நேரமேனும் சேர்ந்து எழுதியிருக்கக்கூடும் என்ற ஐயம் இருந்தால், கணினியை உடனே இயக்கக் கூடாது. டிஸ்க் முழுவதையும் வேறிடத்தில் நகலெடுத்து, அந்த நகலின் மீது கோப்பு முறைமைச் சோதனையையும் டேட்டாபேஸ் சோதனையையும் ஓட்டிப் பார்த்து, பிழை இல்லையென்றால் மட்டுமே மூலத்தை இயக்கவும். பிழை இருந்தால் கடைசி நல்ல பேக்கப்புக்குத் திரும்புவதே செலவு குறைந்த வழி. பாதி சிதைந்த கணக்கைப் பழுதுபார்க்க ஆகும் நாட்களை எவரும் முன்கூட்டிச் சொல்ல முடியாது.

மின்தடை நாளுக்கான வரிசை

மாதாந்திர மின்தடை அறிவிப்பு முன்கூட்டியே வந்துவிடுவதால், இந்தப் பிழைகளில் ஒரு பகுதியைத் தவிர்க்க முடியும். யுபிஎஸ் தாங்கும் என்று விட்டுவிடாமல், முந்தைய இரவின் பேக்கப் முடிந்துவிட்டதா என்று பார்த்து, மெய்நிகர் கணினிகள், ஹோஸ்டுகள், ஸ்டோரேஜ், ஸ்விட்ச் என்ற வரிசையில் அணைக்கவும். திரும்ப இயக்கும்போது ஸ்விட்ச் முதலில் வர வேண்டும், அடுத்து ஸ்டோரேஜ். ஸ்டோரேஜ் தன் சோதனைகளை முடித்து லன்களை வெளியிடும் வரை ஹோஸ்டுகளைத் தொட வேண்டாம். மின்சாரம் வந்தவுடன் தாமாகவே எழும்படி பயாஸில் அமைக்கப்பட்ட ஹோஸ்டுகள் ஸ்டோரேஜை முந்திக்கொண்டு, டேட்டாஸ்டோர் இல்லாமல் எழுந்து நிற்கும். அந்தத் தானியங்கித் தொடக்கத்தை நிறுத்தி வைப்பது நல்லது. ஜெனரேட்டருக்கு மாறும் சில விநாடி இடைவெளியில் சர்வர்கள் தாங்கி, ஸ்டோரேஜ் ஸ்விட்ச் மட்டும் அணைந்து எழுவதும் உண்டு. அந்த ஸ்விட்ச் சுவரில் உள்ள சாதாரணப் பிளக்கில் செருகப்பட்டிருக்கிறதா என்று இன்றே ரேக்கின் பின்புறம் சென்று பார்த்து, இருந்தால் யுபிஎஸ் வரிசைக்கு மாற்றிவிடவும்.